மேலூட்டு ஐஸ்கிரீம்

லீலாவதி அக்காவைப் பற்றி நல்லதாக ஒரு வார்த்தை சொல்லச் சொன்னால், அவளுக்குப் பல்வரிசை நன்றாக இருக்கும் என்பேன். அதற்கு மேல் என்னைக் கேட்கக் கூடாது. என் வீட்டுக்காரருடைய அண்ணன் மருதாசலத்தின் மனைவி அவள். கீழ் கோத்தகிரி ரோட்டை ஒட்டி மேலே அவர்கள் வீடு. அதற்கு நேர் கீழே சரிவில் எங்கள் வீடு. நடுவில் என் தேயிலை நாற்று நர்சரி. மேலூட்டில் தும்மினால் கீழூட்டில் கேட்கும். எனக்குக் கேட்க வேண்டும் என்றே தும்முகிறவள் அவள்.

மாமனார் போன பிறகு நிலம் இரண்டாகப் பிரிந்தது. ரோட்டுப் பக்கம் அண்ணனுக்கு, பள்ளத்துப் பக்கம் தம்பிக்கு. இந்தப் பிரிவினையில் யாருடைய மூளை வேலை செய்தது என்று நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அண்ணன் தன் பங்கில் இருந்த தேயிலையை வெட்டி எறிந்துவிட்டு ஹோம்ஸ்டே கட்டினார். எங்கள் பங்கில் இருந்தவை எல்லாம் கிழட்டுச் செடிகள். கிள்ள இலை இல்லாமல் கட்டை மட்டும் நின்றது. போன வருஷம் அவற்றை வேரோடு பிடுங்கினோம். புதுச் செடி விலைக்கு வாங்கி ஊன்ற எங்களுக்கு வக்கில்லை. அதனால் நானே நல்ல ரகச் செடிகளில் இருந்து ஒற்றை இலையோடு குச்சி வெட்டி, மண் நிரப்பிய பிளாஸ்டிக் பைகளில் நட்டு, பள்ளமான பாத்திகளில் வரிசையாக அடுக்கி, மேலே நிழல் வலை கட்டி, கைக்குழந்தையைப் பார்ப்பது மாதிரி பார்த்து வளர்த்தேன்.

நிலம் வெறுமையாகக் கிடந்ததைப் பார்த்ததும் மருதாசலம் மாமாவுக்குக் கை அரித்தது.

“சும்மா கெடக்கற நெலந்தானே ஏகா? எனக்குக் குடுத்துரு. காட்டேஜ் போட்டுக்கறேன். நீயும் பேக்டரிக்குப் போயி மூட்டை தூக்க வேண்டாம். நம்ம ஹோம்ஸ்டேலயே இருந்துக்கலாம்” என்றார்.

நம்ம ஹோம்ஸ்டேயாம்! கேட்டைத் திறந்துவிட ஆள் வேண்டும், அதற்குத் தம்பி. என் வீட்டுக்காரர் ஏகநாதன் அண்ணன் முன்னால் நாற்காலியில்கூட உட்கார மாட்டார். தலையாட்ட ஆரம்பித்துவிட்டார். நான் குறுக்கே புகுந்து பேசிப் பேசி, கடைசியில் அவர் வாயில் இருந்து ஒரு வார்த்தையை வரவழைத்தேன்.

“வர்ற ஜூன் மழையில செடி ஊணலைன்னா நீங்களே எடுத்துக்குங்கண்ணா” என்றார்.

அதோடு பேச்சு நின்றது. அதற்குப் பிறகு என் நிலம் அந்தப் பிளாஸ்டிக் பைகளுக்குள்தான் இருந்தது.

தண்ணீர்தான் எங்களுக்குப் பெரிய பாடு. கோடையில் பஞ்சாயத்துக் குழாயைத் திறந்தால் காற்று வரும். மேலூட்டில் அந்தக் கவலை இல்லை. விருந்தாளிகளுக்காக லாரியில் தண்ணீர் வாங்கிப் பின்வாசல் பக்கம் இருக்கிற கறுப்புத் தொட்டியில் நிரப்பி வைப்பார்கள். அந்தப் பின்வாசலில் அரிசி கழுவிய தண்ணீர், காய் கழுவிய தண்ணீர் எல்லாம் ரோட்டுச் சாக்கடைக்குப் போய்க்கொண்டிருந்தது. போன கோடையில் அதை என் நர்சரிக்குத் திருப்பிவிடச் சொல்லிக் கேட்டேன். முடியாது என்றாள். கழுவி ஊற்றுகிற தண்ணீருக்கு முடியாதாம்! விடுவேனா? ஊர்ப் பெரியவர் ஆண்டியையும் கூட நாலு பேரையும் கூட்டி வந்து, விருந்தாளிகள் பார்க்க அவள் வாசலில் நிறுத்தினேன். மேலூட்டில் இருந்து வெளியே போகிற தண்ணீர் எல்லாம் கீழூட்டு நர்சரிக்கு என்று ஆண்டி சொல்லிவிட்டார்.

“கேட்டுக்குங்க்கா. ஒரு சொட்டு அக்கட்ட போகக் கூடாது” என்று அவள் முகத்துக்கு நேரே சொன்னேன்.

அவள் பல்வரிசையைக் காட்டினாள். அன்றைக்கே நான் மண்வெட்டியை எடுத்து அவள் பின்வாசலில் இருந்து என் நர்சரி வரைக்கும் வாய்க்கால் வெட்டிவிட்டேன்.

இந்த ஏப்ரலில் அவளுக்கு ஐஸ்கிரீம் பைத்தியம் பிடித்தது. ஒரு பெரிய மரவாளி. அதற்குள் மூடி போட்ட எவர்சில்வர் தூக்கு. தூக்குக்குள் பாலையும் சர்க்கரையையும் காய்ச்சி ஆற வைத்து ஊற்றி, மூடிக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கிற கைப்பிடியைச் சுற்ற வேண்டும். வாளிக்கும் தூக்குக்கும் நடுவில் உடைத்த ஐஸும் கல்லுப்பும் மாற்றி மாற்றிக் கொட்ட வேண்டும். உப்புப் பட்டால் ஐஸுக்கு இன்னும் குளிர் ஏறுமாம், அந்தக் குளிரில்தான் பால் உறையுமாம். சுற்றுவதை நிறுத்தினால் கட்டி தட்டிவிடும். சரி, சுற்றுவது யார்? காசு கொடுத்துத் தங்க வந்த விருந்தாளிகள்! தோள்பட்டை கழன்று விழச் சுற்றி, அதை அவர்களே போட்டோ பிடித்து, அவர்களே தின்றுவிட்டு, மலைக்காட்டு ஐஸ்கிரீம் என்று போனில் போட்டார்கள். பால் பாக்கெட் பால். ஐஸ் மேட்டுப்பாளையத்தில் இருந்து சாக்குச் சுற்றி மீன் வண்டியில் வந்தது. இதை நான் யாரிடமும் போய்ச் சொல்லாமல் இருந்தது என் பெருந்தன்மை.

விடிந்ததில் இருந்து பொழுது சாய்கிற வரைக்கும் ஐஸ் உடைக்கிற சத்தம். “சுத்துங்க, சுத்துங்க, நிறுத்தவே கூடாது” என்று அவள் கத்தல். வாளி வாளியாகத் தண்ணீர் என் வாய்க்காலில் இறங்கியது. சீசன் வந்துவிட்டது, பாத்திரம் கழுவுகிற தண்ணீர் அதிகம் வருகிறது, என் செடிகளுக்கு நல்ல காலம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

மே மாதம் பிறந்ததும் முன்வரிசைச் செடிகளில் இலை ஓரம் பழுப்பேறியது. ஓரத்தில் தொடங்கி உள்ளே கருகிக்கொண்டே போனது. தேயிலை வைத்திருக்கிற யாரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் சொல்வார்கள். ஓரம் கருகினால் பொட்டாஷ் உரம் பத்தவில்லை என்று அர்த்தம். எனக்கும் அது மனப்பாடம். வீட்டில் மூட்டையில் மிச்சம் இருந்த பொட்டாஷைத் தண்ணீரில் கரைத்து ஒவ்வொரு பைக்கும் ஊற்றினேன். அட கெரகமே! ஊற்றிய வாரத்திலேயே முன்வரிசை முழுக்கக் கருகித் தலை தொங்கியது. அடுத்த வரிசை பழுக்க ஆரம்பித்தது. இன்னும் பத்தவில்லை போலிருக்கிறது என்று மறுபடியும் ஊற்றினேன்.

“எனக்கென்னமோ சரியாப் படல உமா” என்றார் என் வீட்டுக்காரர்.

“உங்களுக்கு எதுதான் சரியாப் பட்டிருக்குது? தலையாட்டறது மட்டுந்தான் சரியாப் படும்” என்று அவர் மேல் பாய்ந்தேன். பாவம், அவர் பேக்டரிக்குக் கிளம்பிப் போய்விட்டார்.

உண்மையை எனக்குக் காட்டிக் கொடுத்தது ஒரு காட்டெருமை. எங்கள் பக்கம் காட்டெருமை வருவது புதிதில்லை. வரும், புல்லைத் தின்னும், போகும். அன்றைக்கு விடிகாலையில் நான் கதவைத் திறந்தபோது வாய்க்கால் ஓரமாக ஒன்று நின்றது. பக்கத்திலேயே பச்சைப் புல் இருந்தும் அதைச் சட்டை செய்யவில்லை. வாய்க்கால் கல்லை நக்கிக்கொண்டிருந்தது. தட்டை எடுத்துத் தட்டினேன். ஒரு பார்வை பார்த்துவிட்டு மறுபடி நக்கியது. வெறும் கல்லை ஒரு மாடு இப்படி நக்குமா? அது ஆற அமர நக்கி முடித்துவிட்டுப் போன பிறகு பக்கத்தில் போய்ப் பார்த்தேன். கல்லெல்லாம் வெள்ளையாகப் பூத்திருந்தது. விரலால் சுரண்டி நாக்கில் வைத்தேன். உப்பு.

எனக்கு உச்சந்தலை வரைக்கும் சுட்டது. கருகிய நாற்று ஒன்றைப் பையோடு தூக்கிக்கொண்டு மேலே ஏறினேன்.

பின்வாசலில் அவள் முந்தின நாள் வாளியைக் கவிழ்த்துக்கொண்டிருந்தாள். கரையாத கல்லுப்பும் தண்ணீருமாக என் வாய்க்காலின் வாயில் கொட்டியது.

“ஏனுங்க்கா, இது என்ன தண்ணிங்க?” என்றேன்.

“ஐஸ் தண்ணிதான். ஏன், குளுருதா?” என்றாள்.

“உப்புத் தண்ணிய ஊத்தி என்ற நாத்தையெல்லாம் கொன்னு போட்டீங்களே, நீங்க நல்லா இருப்பீங்களா?” என்று நாற்றை அவள் காலடியில் போட்டேன். பை உடைந்து மண் சிதறியது.

“அய்யோ, இதென்ன பழி! செடிக்கு உப்பு ஆகாதுன்னு எனக்கென்ன தெரியும்? நானென்ன உன்னாட்டம் வெவசாயமா பண்றேன்? நான் பாட்டுக்கு ஐஸ்கிரீம் போட்டுட்டு இருக்கறேன்” என்றாள்.

குரலில் தேன் ஒழுகியது. ஒரு நிமிஷம் நான்கூட நம்பியிருப்பேன். தெரியாமல் செய்துவிட்டாள், கத்திவிட்டு இறங்கிப் போகலாம் என்று திரும்பினேன். அப்போதுதான் அந்த இடம் காலியாக இருந்தது கண்ணில் பட்டது. வாய்க்காலின் வாயை ஒட்டி அவளுடைய ரோஜாத் தொட்டிகள் வரிசையாக இருக்கும். அவள் பெற்ற பிள்ளைகளைவிட அந்த ரோஜாக்களிடம் அதிகம் பேசுவாள். தொட்டி இருந்த இடங்களில் வட்டத் தடங்கள் மட்டும் இருந்தன. வீட்டைச் சுற்றி முன்பக்கம் போனேன். எல்லாத் தொட்டிகளும் வாசல்படியில் ஏறி உட்கார்ந்திருந்தன. ஓரமாக இருந்த ஒரு செடியில் இலையெல்லாம் ஓரம் பழுப்பேறிக் கருகியிருந்தது. என் நாற்றில் இருந்த அதே கருகல். மற்றச் செடிகள் தளதளவென்று பூத்திருந்தன.

“ரோஜாவ ஏனுங்க்கா இடம் மாத்தினீங்க?” என்றேன்.

“வெயில் பத்தல” என்றாள்.

“முன்வாசலுக்கு எப்பங்க்கா வெயில் வந்துச்சு? மத்தியானம் வரைக்கும் சில்வர் ஓக் மரத்து நெழல்தானே?”

அவள் சுற்றும் முற்றும் பார்த்தாள். விருந்தாளிகள் யாரும் இன்னும் எழுந்திருக்கவில்லை. அதன் பிறகு தேனைத் துடைத்துப் போட்டுவிட்டுத் தன் சொந்தக் குரலில் பேசினாள்.

“நீதானடி கேட்ட? ஊரக் கூட்டி என்ற வாசல்ல நிறுத்திக் கேட்டியே, ஒரு சொட்டு அக்கட்ட போகக் கூடாதுன்னு. போகல. அத்தனையும் உனக்குத்தான் ஊத்தறேன். போய் ஆண்டியக் கூட்டியா, அவருகிட்டயே சொல்றேன். ஜூன் மாசத்துக்கு இன்னும் எத்தன நாள் இருக்குதுன்னு எண்ணிட்டு உக்காரு, போ.”

அவளை அங்கேயே அறைந்திருப்பேன். கைதான் எழும்பவில்லை. நான் ஜெயித்து வாங்கிய தண்ணீரிலேயே என் செடிகளைக் கொன்றிருக்கிறாள். போதாக்குறைக்கு நான் வேறு பொட்டாஷ் ஊற்றியிருந்தேன். அதுவும் ஒரு உப்புதானே! கீழே வந்து நர்சரியில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதேன். அவளுக்குக் கேட்கட்டும் என்றே அழுதேன்.

சாயங்காலம் வேலை முடிந்து வந்த என் வீட்டுக்காரரிடம் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் ஒவ்வொரு பையாகத் தொட்டுப் பார்த்தார். முன்வரிசைகள் செத்தது செத்ததுதான். பின்வரிசைகளில் இலை கருகியிருந்தாலும் குருத்து இன்னும் பச்சையாக இருந்தது. அவை பிழைத்தால் முக்கால்வாசி நிலத்துக்குப் போதும். வாய்க்காலின் வாயை அவர் கல்லும் மண்ணும் போட்டு அடைத்தார். ஆனால் பைக்குள் இறங்கிவிட்ட உப்பு அங்கேயேதான் இருந்தது.

“விட்டுரு உமா. இன்னும் ரெண்டு வாரம் போனா இதுவும் போயிரும். அண்ணங்கிட்டச் சொல்லிரலாம்” என்றார்.

“என்னன்னு சொல்லுவீங்க? உங்க பொண்டாட்டி உப்புப் போட்டுக் கொன்னுட்டா, நெலத்த எடுத்துக்குங்கன்னா?”

“வேற என்ன பண்ணச் சொல்ற?”

நான் ராத்திரிச் சாப்பாட்டுக்குக் கருவாட்டை எடுத்து ஊறப் போட்டேன். இரண்டு தண்ணீர் மாற்றிக் கழுவினேன். மூன்றாவது தண்ணீர் பிடிக்கும்போது கை நின்றது.

“ஏனுங்க, கருவாட்டுல உப்பு எப்படிப் போவுது?”

“கழுவினாப் போவுது.”

“அப்ப மண்ணுல இருக்கற உப்பும் கழுவினாப் போகுமில்ல? பைக்கு அடியில ஓட்டை இருக்குது. மேல நல்ல தண்ணி விட்டுட்டே இருந்தா கீழ இறங்கிப் போயிருமில்ல?”

அவர் யோசித்தார். “போகும். ஆனா அத்தன தண்ணிக்கு எங்க போறது?” என்றார்.

சமையலறை ஜன்னல் வழியாக நான் மேலே பார்த்தேன். மேலூட்டுக் கறுப்புத் தொட்டி தெரிந்தது. அவரும் பார்த்தார். பார்த்துவிட்டு, “வேண்டாம் உமா” என்றார். நான் கருவாட்டைக் கழுவி முடித்தேன்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. மேலூட்டில் எல்லா அறைகளும் நிரம்பியிருந்தன. காலையிலேயே தண்ணீர் லாரி வந்து தொட்டியை வழிய வழிய நிரப்பிவிட்டுப் போனது. லாரி வளைவில் மறைந்ததும் நான் செடி வெட்டுகிற கவாத்துக் கத்தியை இடுப்பில் செருகிக்கொண்டு மேலே போனேன். வாய்க்காலின் வாயில் என் வீட்டுக்காரர் போட்டிருந்த அடைப்பைக் காலால் தள்ளினேன். தொட்டிக்கு அடியில், உள்ளே கழுவிவிடுவதற்காக ஒரு தடித்த குழாய் உண்டு. அதன் வால்வைத் திருகினேன். என்ன தண்ணீர் அது! பளிங்கு மாதிரி குபுகுபுவென்று இறங்கி என் வாய்க்காலில் ஓடியது.

முதலில் குளியலறை ஜன்னலில் இருந்து ஒரு குரல் வந்தது. “ஹலோ, தண்ணி நின்னுடுச்சு! தலையெல்லாம் ஷாம்பு!” அடுத்த ஜன்னலில் இன்னொரு குரல். லீலாவதி கையில் ஐஸ் உடைக்கிற உலக்கையோடு பின்வாசலுக்கு ஓடி வந்தாள். என்னைப் பார்த்தாள், குழாயைப் பார்த்தாள்.

“அடிப்பாவி! மூடுடி அத!”

“எதுக்குங்க்கா மூடோணும்? மேலூட்டுல இருந்து வெளிய போற தண்ணியெல்லாம் கீழூட்டு நர்சரிக்கு. ஊரு சொன்னது. நேத்துக்கூட நீங்களே சொன்னீங்களே.”

“அது கழுவற தண்ணிடி! இது காசு குடுத்து வாங்கின நல்ல தண்ணி!”

“நானும் கழுவறதுக்குத்தான் எடுக்கறேன். நீங்க போட்ட உப்பக் கழுவறேன்.”

அவள் உலக்கையை ஓங்கினாள். நான் கத்தியை உருவவில்லை, பிடியில் மட்டும் கையை வைத்தேன். அவள் நின்றுவிட்டாள். அதற்குள் விருந்தாளிகள் துண்டும் நுரையுமாகப் பின்வாசலில் கூடிவிட்டார்கள். கண்ணாடி போட்ட ஒரு அம்மா, “என்ன உப்பு? என்ன நடக்குது?” என்று கேட்டார்.

“ஒண்ணுமில்லீங்க, உள்ள போங்க” என்றாள் லீலாவதி.

“ஐஸ்கிரீமுக்குப் போடற உப்புங்க. ஐஸ்கிரீம் உங்களுக்கு, உப்பு எனக்கு. கீழ வந்து பாருங்க, எத்தன செடி செத்திருக்குதுன்னு” என்றேன். மீன் வண்டியையும் சொல்லிவிட்டேன். என் பெருந்தன்மை அதோடு தீர்ந்தது.

வராந்தாவில் ஒருவர் மட்டும் இன்னும் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தார். நிறுத்தவே கூடாது என்று அவள் சொல்லி வைத்திருந்தாளே, பாவம். மீன் வண்டி என்று கேட்டதும் அவரும் நிறுத்திவிட்டார்.

நான் நர்சரியை எட்டிப் பார்த்தேன். வாய்க்காலில் வந்த தண்ணீர் வீணாகப் பள்ளத்துக்குப் போய்விடும் என்று பயந்திருந்தேன். குழாயை விட்டு நகர்ந்தால் அவள் மூடிவிடுவாள், நகராவிட்டால் தண்ணீரை வரிசை வரிசையாகத் திருப்பிவிட ஆளில்லை. ஆனால் அங்கே ஆள் இருந்தது. வேண்டாம் என்று சொன்ன மனிதர் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு, மண்வெட்டியால் ஒரு வரிசையை அடைத்து அடுத்ததைத் திறந்துவிட்டுக்கொண்டிருந்தார். பைகள் எல்லாம் வாய் வரைக்கும் முழுகி, தண்ணீர் வடிந்ததும் அடியில் ஒழுகிக்கொண்டிருந்தன.

அந்த நேரம் பார்த்து மருதாசலம் மாமா கடைக்குப் போயிருந்தவர் வந்து சேர்ந்தார். காரை விட்டு இறங்கியதுமே லீலாவதி ஒப்பாரியைத் தொடங்கினாள். அவர் என்னிடம் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. நான் அவருக்கு ஒரு பொருட்டா? நேராகச் சரிவின் விளிம்புக்குப் போய்க் கீழே பார்த்துக் கத்தினார்.

“டேய் ஏகா! உன்ற பொண்டாட்டிகிட்டச் சொல்லி அந்தக் குழாய மூடச் சொல்றா! தொட்டி காலியாகுது!”

என் வீட்டுக்காரர் நிமிர்ந்தார். இந்த மனிதர் பிறந்ததில் இருந்து அண்ணன் சொன்னதற்கு மறுபேச்சுப் பேசியதில்லை. மண்வெட்டியைக் கீழே வைத்தார். போச்சு, தலையாட்டப் போகிறார், எல்லாம் போச்சு என்று நினைத்தேன். லீலாவதி ஒப்பாரியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்துப் பல்வரிசையைக் காட்டினாள்.

அவர் தலையாட்டவில்லை. குனிந்து கடைசி வரிசையில் இருந்து ஒரு பையைத் தூக்கினார். அடியில் சொட்டிய தண்ணீரை உள்ளங்கையில் ஏந்தி நாக்கில் வைத்துப் பார்த்தார். அண்ணனை நிமிர்ந்து பார்த்தார்.

“இன்னும் கரிக்குதுங்கண்ணா. இன்னொரு லாரிக்குப் போன் பண்ணுங்க” என்றார்.

பையை அதன் இடத்தில் வைத்துவிட்டு, மண்வெட்டியை எடுத்து அடுத்த வரிசையைத் திறந்துவிட்டார்.